பெர்லினா, ஹாலிவுட்டா? 1930இல் மார்லேன் டீட்ரிஷ் போட்ட கணக்கு

ஜெர்மன் நடிகை மார்லேன் டீட்ரிஷ் பெர்லினை விட்டு ஹாலிவுட்டுக்குப் போனது சரியா என்று இப்போது யாரும் கேட்பதில்லை. மூன்றே வருடத்தில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்துவிட்டார், அந்த அம்மாள் தப்பித்தார், உலகப் புகழும் பெற்றார். இதில் கேட்க என்ன இருக்கிறது? பந்தயம் முடிந்த பிறகு எந்தக் குதிரையில் பணம் கட்டியிருக்கலாம் என்று சொல்ல எல்லோருக்கும் வரும். அவர் நடித்த ‘நீல தேவதை’யின் படப்பிடிப்பு முடிந்து, படம் இன்னும் திரைக்கு வராத 1930ஆம் ஆண்டின் அந்த இரண்டு மாதங்களுக்குத் திரும்பிப் போங்கள். அப்போது அவர் கையில் என்ன இருந்தது, அவருக்கு என்ன தெரிந்திருக்கும் என்பதை மட்டும் வைத்துப் பார்த்தால் கணக்கு அவ்வளவு சுலபத்தில் முடிவதில்லை. எனக்கு அப்படிப் பார்ப்பதில்தான் ருசி.

அவருக்கு அப்போது வயது 28. பெர்லினின் ஷோனபெர்க் பகுதியில் 1901 டிசம்பர் 27இல் பிறந்தவர். திருமணமாகி ஏழு வருடம் ஆகப்போகிறது. கணவர் ருடால்ஃப் ஸீபரும் சினிமாக்காரர். மகள் மரியாவுக்கு ஐந்து வயது. போக மூன்று வழி இருந்தது. பெர்லினிலேயே இருந்து, உஃபா நிறுவனம் புதிதாக இறங்கியிருக்கும் பேசும்படத் தொழிலில் இடம் பிடிப்பது முதல் வழி. சினிமாவை ரொம்ப நம்பாமல், ஏற்கெனவே பழகிய மேடை, ரெவ்யூ என்கிற பாட்டும் ஆட்டமுமான மேடைக் கதம்பம், இசைத்தட்டு என்று போவது இரண்டாவது. ‘நீல தேவதை’யின் இயக்குநர் ஜோசப் ஃபான் ஷ்டெர்ன்பெர்க்கின் சிபாரிசில் வந்திருக்கும், ஹாலிவுட் நிறுவனமான பாரமவுண்டின் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டுக் கப்பலேறுவது மூன்றாவது.

எட்டு வருடத்தில் சேர்ந்த சொத்து

வழிகளை ஒப்பிடும் முன் அவர் கையிருப்பைப் பார்த்துவிட வேண்டும். ஏனென்றால் இதைப் பற்றித்தான் அதிகப் பொய் உலவுகிறது. பொய்யைக் கிளப்பியவரும் அவரேதான். நாடகப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்த ஒன்றும் தெரியாத பெண்ணை ஷ்டெர்ன்பெர்க் கண்டெடுத்தார் என்கிற கதையை அவர் கடைசிவரை விடவில்லை. உண்மையில் ‘நீல தேவதை’க்கு முன்பே அவர் ஏறத்தாழ 17 மௌனப்படங்களில் முகம் காட்டியாயிற்று. அவற்றில் சிலவற்றில் அவர்தான் கதாநாயகி.

ஆரம்பத்தில் வயலின்தான் அவர் கனவு. வைமார் நகரில் போய்ப் படித்தார். மணிக்கட்டு ஒத்துழைக்காததால் அந்தக் கனவு முடிந்தது. பெர்லினுக்குத் திரும்பி, மௌனப்படங்களுக்கு வாசிக்கும் திரையரங்கு வாத்தியக் குழுவில் சேர்ந்தார். அந்த வேலை நீடித்தது நான்கே வாரம். பிறகு குழுநடனப் பெண். 1922இல் பெர்லினின் பெரிய நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் நாடகப் பள்ளிக்கு மனுப்போட்டுத் தேறாமல், பள்ளியைப் பார்த்துக்கொண்ட பெர்தோல்ட் ஹெல்டிடம் தனியாகப் பாடம் கேட்டுப் பக்கவாட்டு வழியில் உள்ளே நுழைந்தார். ரைன்ஹார்ட்டின் மேடைகளில் அவருக்குக் கிடைத்ததெல்லாம் இரண்டு வரி, மூன்று வரி வேடங்கள். 1923இல் ஜோ மை இயக்கிய ‘காதலின் சோகம்’ படத்தில், ஒற்றைக் கண்ணாடி போட்ட துடுக்குப் பெண்ணாகச் சிறு வேடம். அந்தப் படத்தில் உதவி வேலை பார்த்த ஸீபரைத்தான் மே மாதம் கல்யாணம் செய்துகொண்டார்.

1927இல் வியன்னாவில் ‘கஃபே எலெக்ட்ரிக்’. அடுத்த வருடம் பெர்லின் மேடையில் மிஷா ஷ்போலியான்ஸ்கி இசையமைத்த ஒரு ரெவ்யூ. அதில் மார்கோ லியோனோடு சேர்ந்து அவர் பாடிய தோழியர் பாட்டு இசைத்தட்டாகவும் வந்தது. 1929இல் மட்டும் வரிசையாகப் படங்கள். குர்ட் பெர்ன்ஹார்ட் இயக்கிய ஒரு படத்தில் புது மாப்பிள்ளை ஒருவன் ரயில் ஜன்னல் கண்ணாடிக்குப் பின்னால் அவர் முகத்தைப் பார்த்ததும் பெண்டாட்டியை மறந்து போகிறான். அந்த ஜன்னல் முகத்தைப் பாருங்கள். பாதி மூடிய இமை, ஒளி விழும் கன்ன எலும்பு, எதையும் அவசரமாகச் சொல்லாத வாய், பின்னாளில் ஷ்டெர்ன்பெர்க் தாமே செதுக்கியதாகப் பெருமைப்பட்டுக்கொண்டது அத்தனையும் அங்கேயே இருக்கிறது. ஒளியை இன்னும் கொஞ்சம் மேலே தூக்கி வைத்ததுதான் அவர் செய்தது என்று சொன்னால் அவருடைய ரசிகர்கள் சண்டைக்கு வருவார்கள். நான் பாதி விளையாட்டாகத்தான் சொல்கிறேன்.

ஆக, 1930இல் அவர் புதுமுகமே இல்லை. எட்டு வருடமாகப் பெர்லின் பார்த்துப் பழகிய முகம். அவருடைய பலம் அதில்தான் இருந்தது, பலவீனமும் அதில்தான். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வருகிறேன்.

மூன்றரை நிமிடத் துண்டு

‘நீல தேவதை’க்காக எடுத்த குரல்-முகச் சோதனையின் ஒரு சுருள் பிழைத்திருக்கிறது. பேசும்படக் கருவிகள் புதிது, இடம் உஃபாவின் ஸ்டூடியோ, அவருக்கு வந்திருப்பது பெரிய வாய்ப்பு. வேறொருவராக இருந்தால் பவ்யமாக நின்றிருப்பார். இவர் பியானோவில் சாய்ந்தபடி சிகரெட் புகைக்கிறார். நாக்கில் ஒட்டிய புகையிலைத் துணுக்கை விரலால் எடுத்துப் போடுகிறார். ஒரு அமெரிக்கப் பாட்டை ஆங்கிலத்தில் ஆரம்பிக்கிறார். வாசிப்பவர் தடம் தவறியதும் பாட்டை நிறுத்தி, ‘இதுதான் நீ வாசிக்கிற லட்சணமா’ என்கிற தொனியில் ஜெர்மனில் ஒரு காய்ச்சு காய்ச்சுகிறார். அடுத்த விநாடி ஒன்றுமே நடக்காதது போலச் சிரித்து மறுபடி ஆங்கிலம். திரும்பவும் தப்பு, திரும்பவும் திட்டு. கடைசியில் பியானோ மேலேயே ஏறி உட்கார்ந்து, காலுறையைச் சரிசெய்துகொண்டு, ஜெர்மனில் இன்னொரு பாட்டு.

இந்தத் துண்டை நான் பலமுறை பார்த்துவிட்டேன். இதில் கணக்குக்கு உதவுகிற விஷயம் ஒன்று உண்டு. திட்டுவதும் சிரிப்பதும் அவருக்கு இரண்டு மொழியிலும் வருகிறது. உச்சரிப்பு ஜெர்மன் வாசனை அடித்தாலும் நிறுத்தம் தப்பவில்லை. 1930இல் ஒரு ஜெர்மன் நடிகருக்கு இதைவிடப் பெரிய சொத்து கிடையாது.

முதல் வழி: உஃபா

தூரத்திலிருந்து பார்த்தால் இதுதான் கெட்டியான வழி. ஐரோப்பாவின் மிகப் பெரிய சினிமா நிறுவனம், சொந்தத் திரையரங்குகள், நோய்பாபெல்ஸ்பெர்கில் 1929இல் புதிதாகக் கட்டிய ஒலிப்பதிவுக் கூடங்கள். அங்கேதான் நவம்பரில் தொடங்கி ஜனவரிவரை ‘நீல தேவதை’ எடுத்தார்கள், ஜெர்மனில் ஒன்று, ஆங்கிலத்தில் ஒன்று என இரண்டு வடிவங்களாக. அந்த ஸ்டூடியோவின் திறமையை அறிய, மார்லேன் நடித்த விடுதிப் பாடகி லோலாவின் ஒப்பனை அறைக் காட்சியைக் கேட்டால் போதும். கதவு திறந்தால் கேளிக்கை விடுதியின் இரைச்சல் பாய்ந்து உள்ளே வரும், மூடினால் சட்டென்று நின்றுவிடும். உலகம் முழுக்க ஒலியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்த நேரத்தில் இவர்கள் அதை வைத்து விளையாடிக்கொண்டிருந்தார்கள். தயாரிப்பாளர் எரிக் பொம்மர், பாட்டுக்கு ஃபிரீட்ரிஷ் ஹொலாண்டர். சொந்த ஊர், சொந்த மொழி, குழந்தையும் பக்கத்தில்.

குறை எங்கே? அந்தப் படம் முதலில் மார்லேனின் படமே கிடையாது. அது கதாநாயகனாக நடித்த எமில் யானிங்ஸின் படம். விளம்பரமும் அவருக்கு, பெரிய சம்பளமும் அவருக்கு. நிறுவனத்தின் தலைமையில் ஆல்ஃப்ரெட் ஹுகென்பெர்க், தீவிர வலதுசாரி அரசியல்வாதி, பத்திரிகை முதலாளி. ஒரு பள்ளி வாத்தியார் விடுதிப் பாடகியிடம் மயங்கி மானமிழக்கும் கதை, அதுவும் இடதுசாரி எழுத்தாளர் ஹைன்ரிஷ் மன் எழுதிய நாவலிலிருந்து. மேலிடத்தில் எப்படி ரசித்திருப்பார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை. அடுத்தடுத்த படங்களுக்கும் அவரைத் தக்கவைத்துக்கொள்ளும் உரிமை உஃபாவின் ஒப்பந்தத்தில் இருந்தது. அதைப் பயன்படுத்தாமல் காலாவதியாக விட்டார்கள். படம் வெளியான மறுநாள் தலையில் அடித்துக்கொண்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

இன்னொன்றையும் அவர் கவனித்திருப்பார். ‘மெட்ரோபொலிஸ்’ புகழ் பிரிகிட்டெ ஹெல்ம் அப்போதுதான் ஒரே மாதிரியான மயக்கு மோகினி வேடங்கள் வேண்டாம் என்று உஃபாவோடு வழக்குக்குப் போய்த் தோற்றிருந்தார். உஃபாவிடம் நிரந்தர நட்சத்திரமாக இருப்பதன் விலை என்ன என்பது பெர்லின் சினிமா வட்டாரத்தில் எல்லோருக்கும் தெரிந்த சமாச்சாரம்.

உஃபாவின் அடுத்த பெரிய வெற்றி, அதே 1930 செப்டம்பரில், மூன்று நண்பர்கள் பெட்ரோல் பங்கு நடத்தும் ஒரு பாட்டுப் படம். நாயகி லிலியன் ஹார்வி, துள்ளல், வெள்ளந்திச் சிரிப்பு. உஃபா போக நினைத்த திசை அது. அந்தத் திசையில் லோலாவுக்கு என்ன வேலை?

இரண்டாவது வழி: மேடை

இதை நீட்ட வேண்டாம். 1929 செப்டம்பரில் ‘இரண்டு டைகள்’ என்ற நாடகத்தில் ஹான்ஸ் ஆல்பர்ஸோடு நடித்துக்கொண்டிருந்தார். அங்கேதான் ஷ்டெர்ன்பெர்க் அவரைப் பார்த்தார். ‘நீல தேவதை’யில் மந்திரவாதியின் மனைவியாக வரும் ரோஸா வலெட்டியும் அதே நாடகத்தில்தான் இருந்தார். பெர்லின் மேடை செழிப்பாக இருந்தது, ஆனால் 1929 அக்டோபரில் நியூயார்க் பங்குச் சந்தை விழுந்த பிறகு அமெரிக்கக் கடனில் ஓடிக்கொண்டிருந்த ஜெர்மனிக்கு மூச்சு வாங்க ஆரம்பித்திருந்தது. வேலையற்றோர் காப்பீட்டுச் சண்டையில் 1930 மார்ச் 27 அன்று ஆட்சியே கவிழ்ந்தது. அப்படிப்பட்ட நேரத்தில் ஜனங்கள் முதலில் குறைப்பது நாடக டிக்கெட்டைத்தான். மேடை அவருக்குக் கைத்தாங்கலாக இருந்திருக்கும், அதைத் தாண்டி ஒன்றும் செய்திருக்காது.

மூன்றாவது வழி: பாரமவுண்ட்

இங்கேதான் நிதானமாகப் பார்க்க வேண்டும். இன்றைக்குச் சொக்கத் தங்கமாகத் தெரியும் இந்த வழி அன்றைக்குப் பயமுறுத்தக்கூடியதாகவே இருந்தது.

முதல் சாட்சி யானிங்ஸேதான். முதன்முதலாகக் கொடுக்கப்பட்ட சிறந்த நடிகர் ஆஸ்கர் அவருக்குத்தான். எந்த நிறுவனத்தில்? இதே பாரமவுண்டில். அவருக்கு ஆஸ்கர் வாங்கிக் கொடுத்த படங்களில் ஒன்றை இயக்கியவர் யார்? இதே ஷ்டெர்ன்பெர்க். பேசும்படம் வந்தது, யானிங்ஸின் ஆங்கிலம் தேறவில்லை, 1929இல் மூட்டை கட்டி ஊர் திரும்பிவிட்டார். அதே வருடம் இன்னொரு ஜெர்மன் நடிகர் கான்ராட் ஃபைட்டும் திரும்பினார். பெர்லினிலிருந்து போய்ப் பாரமவுண்டில் மகாராணியாக வலம் வந்த போலா நெக்ரியின் ஒப்பந்தம் 1928இல் முடிந்துபோனது. ஹாலிவுட்டிலிருந்து ஜெர்மன் பேசும் நடிகர்கள் திரும்பி வந்துகொண்டிருந்த பாதையில் இவர் எதிர்த் திசையில் போகப் பார்த்தார். படப்பிடிப்பு இடைவேளையில் யானிங்ஸ் இதைப் பற்றி அவரிடம் ஏதாவது சொல்லியிருப்பாரா? இருவருக்கும் ஆகாது என்பதால் சொல்லியிருந்தாலும் இவர் கேட்டிருக்க மாட்டார்.

எதிர்ச் சாட்சியும் ஒன்று இருந்தது, ஒன்றே ஒன்று. ஸ்வீடன்காரி கிரெட்டா கார்போ. 1930 தொடக்கத்தில்தான் எம்ஜிஎம் அவருடைய முதல் பேசும்படத்தை வெளியிட்டது. அந்நிய உச்சரிப்பு தடையாகும் என்று பயந்தார்கள், அதுவே கவர்ச்சியாகிப் போனது. பாரமவுண்டுக்குத் தனக்கும் ஒரு கார்போ வேண்டும் என்ற ஆசை. அந்தக் காலியிடத்துக்குத்தான் ஆள் எடுத்தார்கள். யானிங்ஸின் தோல்வியை விட்டுவிட்டு கார்போவின் வெற்றியை எடுத்துக்கொள்ள ஒரு காரணம் இருந்தது. யானிங்ஸ் மௌனப்படத்துக்காக அழைக்கப்பட்டவர், குரல் என்கிற பரீட்சை பிற்பாடு வந்து விழுந்தது. மார்லேனை அழைத்தவர்களோ அவருடைய குரலைக் கேட்ட பிறகே அழைத்தார்கள். ‘நீல தேவதை’யின் ஆங்கில வடிவத்திலும் அவர் பேசியிருந்தார். பரீட்சையில் தேறிய பிறகு சேர்வதும், சேர்ந்த பிறகு பரீட்சை வருவதும் வேறு வேறு.

ஆனாலும் விலை பெரிது. ஐந்து வயதுக் குழந்தையை அப்பாவிடம் விட்டுப் போக வேண்டும். புதிய நாட்டில் ஒரே ஒரு மனிதரை நம்பி இறங்க வேண்டும். ஷ்டெர்ன்பெர்க் ஜனவரியிலேயே படத்தை ஒப்படைத்துவிட்டு அமெரிக்காவுக்குத் திரும்பியிருந்தார். அவருக்கும் ஸ்டூடியோவுக்கும் முட்டிக்கொண்டால் இவர் கதி என்ன? இந்தக் கேள்விக்கு அந்த ஒப்பந்தத் தாளில் உறுதியான பதில் எதுவும் இருந்திருக்க முடியாது.

என் தராசு

மூன்றையும் தட்டில் வைத்தால், அன்றைய தகவலை மட்டும் கொண்டு, ஹாலிவுட் ஒன்றும் பெரிதாகச் சாய்ந்துவிடாது. கிடைத்தால் நிறைய, தவறினால் யானிங்ஸ் மாதிரி திரும்பி வர வேண்டும். உஃபா கைவிட்டது என்பதால் பெர்லின் கதவே அடைபட்டுவிட்டதாகவும் எடுத்துக்கொள்ள முடியாது. வேறு தயாரிப்பாளர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். ‘நீல தேவதை’ ஓடியிருந்தால் உஃபாவே வாசலில் வந்து நின்றிருக்கும்.

தட்டைச் சாய்ப்பது வேறொன்று. பெர்லின் என்கிற வழி அவருக்குச் சோதிக்கப்படாத வழி கிடையாது, எட்டு வருடம் சோதித்துப் பார்த்த வழி. ரைன்ஹார்ட்டின் மேடை அவரைப் பார்த்தது, இரண்டு வரி கொடுத்தது. ஜோ மை பார்த்தார், ஒற்றைக் கண்ணாடி கொடுத்தார். அலெக்ஸாண்டர் கோர்டாவின் படத்தில் கூட்டத்தில் ஒருவராக நின்றார். குர்ட் பெர்ன்ஹார்ட் கதாநாயகியாக்கினார், விமர்சகர்கள் கார்போவின் நகல் என்றார்கள். 17 படங்களுக்குப் பிறகும் அந்த ஊருக்கு இவரை வைத்து என்ன செய்வதென்று தெரியவில்லை. தெரிந்த ஒரே ஆள் வெளியூரிலிருந்து வந்தவர். அவர் திரும்பிப் போய்விட்டார். தெரியாத ஊரின் ஆபத்தையும், தெரிந்த ஊரின் அலட்சியத்தையும் எடை போட்டால் நானும் கப்பலைத்தான் தேர்ந்தெடுப்பேன். நாஜிகளைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசாமலே இந்த முடிவுக்கு வர முடிகிறது என்பதுதான் எனக்கு முக்கியம். அன்றைக்கு நாடாளுமன்றத்தில் அவர்களுக்கு 12 இடம். செப்டம்பர் தேர்தலில்தான் அது 107 ஆனது.

இருந்தவர்களை வைத்துச் சரிபார்க்கலாம். ஹான்ஸ் ஆல்பர்ஸ் தங்கினார். ‘நீல தேவதை’யில் சின்ன வேடம் செய்தவர் இரண்டே வருடத்தில் ஜெர்மனியின் முதல்தர நாயகன். தொழில் என்று மட்டும் பார்த்தால் அவருக்குப் பெர்லின் குறை வைக்கவில்லை. ஆனால் யூதரான அவருடைய துணைவி ஹன்ஸி புர்க் இங்கிலாந்துக்குப் போக நேர்ந்தது. யானிங்ஸும் தங்கி, நாஜிப் பிரசாரப் படங்களின் பெரிய முகமானார். போர் முடிந்ததும் அவருக்கு நடிக்கத் தடை. லிலியன் ஹார்வி 1933இல் ஹாலிவுட் போய், நாலு படத்தோடு திரும்பினார். ஹாலிவுட் யாருக்கும் உத்தரவாதம் தரவில்லை என்பதற்கு அவரே போதும். பொம்மரையும் மற்ற யூத ஊழியர்களையும் 1933 மார்ச்சிலேயே உஃபா வெளியேற்றத் தீர்மானித்தது. மந்திரவாதியாக நடித்த குர்ட் கெரோன் 1944இல் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டார். இதையெல்லாம் எந்தத் தராசில் வைப்பது?

அவர் கிளம்பியது 1930 ஏப்ரல் 1 இரவு. கூர்ஃபுர்ஸ்டெண்டாம் வீதியோரம் குளோரியா பலாஸ்ட் அரங்கில் ‘நீல தேவதை’யின் முதல் காட்சி. முடிந்ததும் கரகோஷம் யானிங்ஸைத் தாண்டி இவரிடம் வந்தது. மேடையேறி வணங்கிவிட்டு, அங்கிருந்து நேராகத் துறைமுகத்துக்குப் போகும் ரயில், பிறகு ‘பிரேமன்’ கப்பல். தன் ஊர் தன்னை ஒப்புக்கொண்டதை ஒரே ஒரு ராத்திரி கேட்டார், அதுவும் பெட்டி கட்டி வைத்துவிட்டு. ஹாலிவுட்டில் முதல் படத்தின் முதல் காட்சியிலேயே ‘ஹெல்ப்’ என்ற சொல் வாயில் நுழையாமல் திரும்பத் திரும்ப எடுத்தார்கள் என்று ஷ்டெர்ன்பெர்க் எழுதியிருக்கிறார். அந்தப் படத்துக்குத்தான் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. அந்த வருடக் கடைசியில் பெர்லின் வந்து, அடுத்த வருடம் மரியாவையும் கூட்டிப்போனார்.

பெர்லின், வியன்னா நாட்களில் அவர் சேர்த்தவற்றில் ஒன்றை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. 1927இல் ‘கஃபே எலெக்ட்ரிக்’ சமயத்தில், உடன் நடித்த இகோ ஸிம்மிடம் அவர் ரம்பம் வாசிக்கக் கற்றுக்கொண்டார். மரம் அறுக்கும் ரம்பத்தைத் தொடையிடுக்கில் நிறுத்தி, வளைத்து, வயலின் வில்லால் இழுப்பது. மணிக்கட்டு கைவிட்ட வயலினின் மிச்சம் என்று வேண்டுமானால் சொல்லலாம். ஸிம் ஐரோப்பாவிலேயே இருந்தார். போர் வந்ததும் வார்சாவில் நாஜிகளோடு சேர்ந்து வேலை பார்த்தார். 1941 மார்ச்சில் போலந்து எதிர்ப்புப் படையினர் அவரை அவர் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொன்றார்கள். மாணவி 1944இல் அமெரிக்கச் சீருடையில் இத்தாலியில் இருந்தார். மேடை என்று போட்டிருந்த பலகை மேல் நாற்காலியை இழுத்துப் போட்டு, ரம்பத்தை நிறுத்தி, சிப்பாய்கள் கூச்சலிட வாசித்துக்கொண்டிருந்தார்.